பெக்கெட்டின் வாயைச் சின்னத்திரையில் எடுப்பது எப்படி

ஐரிஷ் நாடக ஆசிரியர் சாமுவேல் பெக்கெட்டின் ‘நாட் ஐ’ நாடகம் மேடையில் இப்படி இருக்கும்: கும்மிருட்டு, சுமார் 8 அடி உயரத்தில் வெளிச்சம் படும் ஒரு வாய், தள்ளி நின்று கேட்கும் அங்கி போட்ட ஓர் உருவம். 1975-ல் பிபிசிக்காகப் படமாக்கியபோது அந்த உருவத்தைத் தூக்கிவிட்டார்கள். நடிகை பில்லி வைட்லாவின் வாய் மட்டும் திரையை அடைத்துக்கொண்டது. குறைந்த பொருளில் நிற்கும் அபத்த நாடகங்களுக்கு இதுதான் வழி: பிரேமுக்குள் நிற்காததை நீக்கிவிடுங்கள், ஈடுகட்ட எதையும் சேர்க்காதீர்கள்.

முதலில் உரிமை. மேடை அனுமதி தொலைக்காட்சிக்குச் செல்லாது. பெக்கெட் இறந்தது 1989-ல். இந்தியச் சட்டப்படி 2049 முடியும்வரை பதிப்புரிமை உண்டு. செய்யப்போகும் மாற்றத்துக்கும் அனுமதியை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

வாய்க்கு மிக நெருக்கத்தில் எடுக்க உதவும் 100 மிமீ மேக்ரோ லென்ஸ் போதும். அப்பர்ச்சர், அதாவது லென்ஸின் திறப்பு, எஃப் 8-லிருந்து 11-க்குள் (எண் குறைந்தால் திறப்பு பெரிது). 2.8-ல் திறந்தால் உதடு துல்லியமாக இருக்கும், பல் மங்கிவிடும். தலை அரை சென்டிமீட்டர் முன்னே வந்தாலும் ஃபோகஸ் போச்சு. நாற்காலியில் தலைதாங்கி பொருத்தி, நெற்றியைப் பட்டையால் கட்டுங்கள். வாயைச் சுற்றிக் கறுப்பு மேக்கப், பின்னால் 2 மீட்டர் தள்ளிக் கறுப்பு வெல்வெட். சின்ன எல்இடி ஒன்று கீழிருந்து. நம்மூர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் ஷட்டர் வேகம் 1/50 விநாடி, இல்லாவிட்டால் மலிவான விளக்கு சிமிட்டும். நிறச்சாயல்களை நுணுக்கமாகப் பிடிக்கும் 10 பிட்டில் பதியுங்கள். 8 பிட்டில் வாயோரம் வெளிச்சம் மங்கும் இடம் பட்டை பட்டையாக உடையும், ஒளிபரப்பில் அது இன்னும் அசிங்கமாகும். கொஞ்சம் கிரெயின் (மெல்லிய பொடிப்புள்ளிகள்) தூவினால் மறையும்.

கட் வேண்டாம். 13 நிமிடப் பேச்சையும் ஒரே ஷாட்டில் எடுங்கள். எடிட்டர் கை ஊறும். வெட்டினால் பார்ப்பவர் மூச்சு விட்டுவிடுவார், அந்த மூச்சுத்திணறல்தான் நாடகமே.

மௌனத்தை ஸ்டாப்வாட்சில் பிடியுங்கள்: விநாடிக்கு 25 பிரேம் கணக்கில் 10 விநாடி என்றால் 250 பிரேம். மேடையில் சிரிப்புக்காக விட்ட இடைவெளிகளை நீக்குங்கள், இங்கே சிரிக்க ஆளில்லை. மௌனத்தில் ஒலியைச் சுத்தமாக அறுக்காதீர்கள், டிவி பழுது என்று நினைப்பார்கள். ஆளில்லாத அறையின் சத்தத்தை ஒரு நிமிடம் பதிந்து அடியில் ஓடவிடுங்கள். சேனல் கன்ட்ரோல் ரூமுக்கும் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். கறுப்புத் திரையும் மௌனமும் சேர்ந்து நீடித்தால் அங்கே அலாரம் அடிக்கும், ‘தடங்கலுக்கு வருந்துகிறோம்’ வந்து விழும்.