சொமோனைப் போல ஒரு ஷூ பிரஷ்ஷைத் தானாக ஓட வைக்கலாம்

ஸ்பெயினின் தெருவெல் நகரில் 1871இல் பிறந்தவர் செகுந்தோ தெ சொமோன். பிரான்ஸின் பாத்தே நிறுவனத்துக்காக 1908இல் அவர் எடுத்த குறும்படம் ‘மின்சார ஓட்டல்’. ஒரு தம்பதி ஓட்டலுக்கு வருகிறார்கள். பெட்டிகள் தாமாகவே நகர்ந்து போகின்றன, பிரஷ் தானே ஷூவைத் துடைக்கிறது, சீப்பு தானே தலை வாருகிறது. பொருளைக் கொஞ்சம் நகர்த்தி ஒரு படம், மறுபடி நகர்த்தி ஒரு படம் என்று எடுத்து வரிசையாக ஓட்டினால், அது தானாக நகர்வதுபோல் தெரியும். இதுதான் ஸ்டாப் மோஷன். அமெரிக்காவில் பிளாக்டன் என்ற இயக்குநர் 1907இலேயே இதே உத்தியில் பேய் ஓட்டல் ஒன்றைக் காட்டிவிட்டார். ஆனாலும் எனக்குச் சொமோன்தான் ஒரு படி மேல். அவர் படத்தில் பொருள்கள் உயிருள்ள மனிதர்மேலேயே வேலை செய்கின்றன.

சரி, ஷூ பிரஷ்ஷில் ஆரம்பிப்போம்.

முதலில் போனை அசையாமல் பொருத்துங்கள். ஜன்னல் திரையை மூடி, ஒரே விளக்கை வையுங்கள். வெயில் மாறினால் படம் மினுக்கும். போகஸையும் வெளிச்ச அளவையும் லாக் செய்யுங்கள். திரையைத் தொடாமல் டைமரில் எடுப்பது நல்லது.

அடுத்து நகர்த்துவது. மொத்த வித்தையும் இங்கேதான் இருக்கிறது, அவசரப்படாதீர்கள். நொடிக்கு 12 படம் என்று வைத்துக்கொண்டால், 5 நொடிக்கு 60 படம். பிரஷ் கிளம்பும்போது 2 மி.மீ., அப்புறம் 4, பிறகு 1 செ.மீ. வரை கூட்டுங்கள், ஷூவை நெருங்கும்போது அதே மாதிரி குறையுங்கள். எல்லாமே ஒரே அளவாக இருந்தால் யாரோ கயிறு கட்டி இழுப்பதுபோல் தெரியும். ஷூவின் மேல் பிரஷ் நிற்க, அடியில் கொஞ்சம் களிமண்ணை மறைத்து ஒட்டுங்கள்.

அந்தக் காலக் கேமராவில் கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் வழக்கமாக 8 பிரேம், அதாவது 8 தனித்தனிப் படங்கள், ஓடும். இந்த வேலைக்கு ஒவ்வொரு பிரேமாக நிறுத்தி எடுக்க வேண்டும். பிலிமைக் கழுவும்வரை எடுத்தது சரியா என்று பார்க்கவும் வழியில்லை. நமக்கு ஸ்டாப் மோஷன் செயலியில் முந்தைய படம் மங்கலாகத் தெரியும். அதை வைத்து அளந்து நகர்த்துங்கள்.

பிரஷ் பழகியதும் சீப்புக் காட்சி. சொமோனின் மனைவி ழூலியென் மாத்தியூதான் அதில் நடித்தவர். அத்தனை பிரேமுக்கும் அசையாமல் உட்கார்ந்தது பெரிய நடிப்பு. உங்கள் நடிகரைச் சுவரில் ஒரு புள்ளியைப் பார்க்கச் சொல்லுங்கள். மின்விசிறியை நிறுத்திவிடுங்கள், முடி பறந்தால் காட்சி கெடும்.

படத்தின் முடிவில் இயந்திரங்கள் தாறுமாறாகி ஓட்டலே கலைகிறது. அப்படி ஒரு காட்சி வேண்டுமானால் மெதுவாகக் கூட்டிக் குறைக்க வேண்டாம். ஒவ்வொரு படத்துக்கும் 4, 5 செ.மீ. தாவவிட்டு, திசையையும் மாற்றுங்கள்.