கூம்பின் இடைக்கண்டம்: வாளியில் தொடங்கி பண்ணைக்குட்டை வரை

உருளை, கூம்பு, கோளம் என்று அளவியல் கணக்குகளைச் சரசரவெனப் போடுகிற பிள்ளைகள்கூட இடைக்கண்டம் வந்தால் தயங்குகிறார்கள். சூத்திரம் நீளமாக இருக்கிறது, மனப்பாடம் செய்தாலும் மறந்துபோகிறது. வீட்டில் ஒரு வாளியும் ஒரு அளவு டேப்பும் இருந்தால் இதை மனப்பாடம் செய்யவே வேண்டாம். அதே கணக்கை வேலூர் மாவட்டத்தில் காட்பாடி, அணைக்கட்டு ஊர்ப் பக்கம் மழைநீர் தேக்க நிலத்தில் வெட்டுகிற பண்ணைக்குட்டைக்கும் போடலாம். ஆனால் குட்டையில் ஒரு சிக்கல் இருக்கிறது. பார்க்க இடைக்கண்டம் போலவே இருக்கும், ஆனால் இடைக்கண்டமாக இருக்காது. இந்தப் பதிவை எழுதுவதே அதற்காகத்தான்.

படி 1: இடைக்கண்டம் என்றால் எது?

ஒரு நேர்வட்டக் கூம்பை அதன் அடிப்பக்கத்துக்கு இணையாக வெட்டுங்கள். மேலே ஒரு சின்னக் கூம்பு தனியாக வந்துவிடும். மிச்சமாக நிற்கும் துண்டுதான் இடைக்கண்டம். இருபுறமும் வட்டம், ஒன்று பெரிது, ஒன்று சிறிது, நடுவில் நேராகச் சரியும் சுவர்.

'இணையாக' என்பதை விட்டுவிடாதீர்கள். சாய்த்து வெட்டினால் வெட்டுமுகம் நீள்வட்டமாகிவிடும், கீழே வரும் சூத்திரம் எதுவும் செல்லாது. பிரமிடை இப்படி வெட்டினாலும் கிடைப்பது இடைக்கண்டம்தான். அப்போது வட்டத்துக்குப் பதில் சதுரமோ செவ்வகமோ இருக்கும்.

வாளி, பூந்தொட்டி, டீக்கடை பேப்பர் கப் எல்லாம் இந்த வடிவம்தான். சுவர் சரிவாக இருப்பதால்தான் ஒன்றுக்குள் ஒன்று அடுக்க முடிகிறது, அச்சில் வார்த்தால் எளிதாகக் கழன்று வருகிறது. நடுவில் உப்பிய பானை, குடம் எல்லாம் இதில் சேராது. சுவரின் மேல் ஒரு ஸ்கேலை மேலிருந்து கீழாக வைத்துப் பாருங்கள். இடைவெளி இல்லாமல் ஒட்டினால் இடைக்கண்டம்.

படி 2: வாளியை அளப்பது

மூன்று அளவுகள் வேண்டும்: மேல் ஆரம், கீழ் ஆரம், உயரம். மூன்றையும் உள்பக்கத்தில் எடுங்கள்.

மேல்வாய்க்கு விட்டத்தை நேராக அளக்கலாம். டேப்பின் நுனியை ஓரத்தில் பிடித்துக்கொண்டு மறுமுனையை எதிர் ஓரத்தில் இப்படியும் அப்படியும் நகர்த்துங்கள், கிடைப்பதிலேயே பெரிய அளவுதான் விட்டம். அதில் பாதி ஆரம். அடிப்பகுதியில் டேப்பை உள்ளே வைத்து அளக்க இடம் போதாவிட்டால் வெளியே தையல் டேப்பைச் சுற்றி, சுற்றளவை 44/7-ஆல் வகுங்கள். அதிலிருந்து பிளாஸ்டிக்கின் தடிமனைக் கழித்துவிடுங்கள்.

உயரத்தில்தான் நிறையப் பேருக்குத் தவறுகிறது. சுவரை ஒட்டி டேப்பைப் பிடித்தால் வருவது சாயுயரம், உயரம் அல்ல. வாளியின் வாய்க்குக் குறுக்கே ஒரு ஸ்கேலை வைத்து, அதன் நடுவிலிருந்து டேப்பைச் செங்குத்தாக வாளியின் உள் அடித்தட்டுவரை இறக்குங்கள். பல வாளிகளில் அடித்தட்டு தரையிலிருந்து சற்று மேலே ஏறியிருக்கும், வெளியே அளந்தால் அந்த இடமும் கணக்கில் சேர்ந்துவிடும். உள்ளே அளக்கச் சொல்வது இதற்காகவும்தான்.

எடுத்துக்காட்டுக்கு மேல் ஆரம் 15 செ.மீ., கீழ் ஆரம் 10 செ.மீ., உயரம் 28 செ.மீ. என்று வைத்துக்கொள்வோம்.

படி 3: சூத்திரம் இல்லாமல் கன அளவு

வாளியின் சுவரைக் கீழே நீட்டிக்கொண்டே போனால் ஒரு புள்ளியில் கூடும், முழுக் கூம்பு கிடைக்கும். அதன் உயரம் எவ்வளவு? 28 செ.மீ. இறங்கும்போது ஆரம் 15-லிருந்து 10 ஆகிறது, அதாவது 5 குறைகிறது. முழு 15-உம் குறைய மூன்று மடங்கு இறங்க வேண்டும்: 84 செ.மீ. பாடத்தில் வடிவொத்த முக்கோணம் என்று படித்தது இதுதான்.

பெரிய கூம்பு: 1/3 × 22/7 × 15 × 15 × 84 = 19,800 கன செ.மீ.
கீழே தொங்கும் சின்னக் கூம்பின் உயரம் 84 − 28 = 56. அதன் கன அளவு 1/3 × 22/7 × 10 × 10 × 56 = 5,866.67.
கழித்தால் 13,933.33 கன செ.மீ. ஆயிரம் கன செ.மீ. ஒரு லிட்டர் என்பதால், ஏறத்தாழ 13.93 லிட்டர்.

சரி, இந்தக் கழித்தலை எண்களுக்குப் பதில் எழுத்துகளை வைத்துச் செய்து சுருக்கினால் வருவதுதான் பாடநூல் சூத்திரம்:

கன அளவு = 1/3 × பை (π, அதாவது 22/7) × உயரம் × (பெரிய ஆர வர்க்கம் + இரண்டு ஆரங்களின் பெருக்கல் + சிறிய ஆர வர்க்கம்)

போட்டுப் பாருங்கள்: 225 + 150 + 100 = 475. 22/7 × 28 = 88. 88 × 475 ÷ 3 = 13,933.33. அதே விடை. தேர்வில் சூத்திரம் மறந்துபோனால் பதறாமல் இரண்டு கூம்பு போட்டுக் கழித்துவிடுங்கள், ஒரு நிமிடம் கூடுதலாகும், அவ்வளவுதான்.

படி 4: சராசரி ஆரம் போதாதா?

இந்தக் கேள்வி எல்லோருக்கும் வரும், வரவும் வேண்டும். 15-க்கும் 10-க்கும் சராசரி 12.5. அந்த ஆரத்தில் ஓர் உருளை என்று எடுத்தால் 88 × 156.25 = 13,750. உண்மையைவிட 183 கன செ.மீ. குறைவு, கிட்டத்தட்ட ஒரு டம்ளர். மாறாக, ஆரத்துக்குப் பதில் இரண்டு வட்டங்களின் பரப்பைச் சராசரி எடுத்தால் 88 × 162.5 = 14,300. இது கூடுதல்.

கி.பி. 628-இல் கணித அறிஞர் பிரம்மகுப்தர் தம் பிரம்மஸ்புட சித்தாந்தம் என்ற நூலில், குழி வெட்டும் கணக்கைப் பேசும் இடத்தில், இந்த இரண்டு தோராயங்களிலிருந்தே சரியான விடைக்கு வழி சொல்கிறார். கூடுதலில் இருந்து குறைவைக் கழி, வரும் மிச்சத்தில் மூன்றில் ஒரு பங்கைக் குறைவோடு சேர். நம் வாளிக்கு: 14,300 − 13,750 = 550. அதில் மூன்றில் ஒன்று 183.33. 13,750-உடன் கூட்டினால் 13,933.33. ஒரு புள்ளிகூட மாறவில்லை! எனக்குப் பாடநூல் சூத்திரத்தைவிட இந்த வழி பிடிக்கும், தோராயம் எவ்வளவு தவறு என்பதையும் சேர்த்தே காட்டிவிடுகிறது.

படி 5: பரப்பு

இது சீக்கிரம் முடிந்துவிடும். சாயுயரம் வேண்டும்: உயரத்தின் வர்க்கத்தோடு ஆரங்களின் வித்தியாசத்தின் வர்க்கத்தைக் கூட்டி வர்க்கமூலம் எடுங்கள். 784 + 25 = 809, வர்க்கமூலம் 28.44. வளைபரப்பு = பை × (ஆரங்களின் கூடுதல்) × சாயுயரம் = 22/7 × 25 × 28.44, ஏறத்தாழ 2,235 சதுர செ.மீ. வாளி செய்யத் தகடு எவ்வளவு வேண்டும் என்று கேட்டால் அடிவட்டத்தை மட்டும் சேர்க்க வேண்டும், மேல்வாய் திறந்திருக்கிறது. 'மொத்தப் புறப்பரப்பு' என்று கேட்டால் இரண்டு வட்டங்களும் வரும். கேள்வியை இரண்டு முறை படியுங்கள்.

படி 6: பண்ணைக்குட்டை

கரை சரிந்துவிடாமல் இருக்க குட்டையின் நான்கு பக்கமும் சரிவாக வெட்டுவார்கள். மேலே 10 மீட்டர் சதுரம், கீழே 7 மீட்டர் சதுரம், ஆழம் 1.5 மீட்டர் என்றால் அது தலைகீழாக நிற்கும் பிரமிடின் இடைக்கண்டம். கணக்கு அதே அமைப்புதான், பை மட்டும் இல்லை: (100 + 70 + 49) × 1.5 ÷ 3 = 109.5 கன மீட்டர். அதாவது 1,09,500 லிட்டர்.

இந்தக் கணக்கு மிகப் பழையது. எகிப்தில் ஏறத்தாழ 3,800 ஆண்டுகளுக்கு முன் எழுதப்பட்ட மாஸ்கோ பாப்பிரஸ் சுவடியின் 14-ஆவது கணக்கில் அடி 4, உச்சி 2, உயரம் 6. அவர்கள் 16 + 8 + 4 = 28 எடுத்து, 6-இல் மூன்றில் ஒன்றான 2-ஆல் பெருக்கி 56 என்று முடிக்கிறார்கள். நாம் இப்போது செய்தது அதேதான்.

இனிமேல்தான் நான் சொன்ன சிக்கல். நிலம் நீளவாக்கில் இருந்தால் குட்டையும் செவ்வகமாக வரும். மேலே 20 × 6, கீழே 17 × 3, ஆழம் 1.5 மீட்டர். இது இடைக்கண்டமா? சுவர்களை மனத்தில் கீழே நீட்டுங்கள். அகலம் 3 மீட்டர் ஆழத்திலேயே கூடிவிடும், ஆனால் அங்கே நீளம் இன்னும் 14 மீட்டர் பாக்கி. புள்ளியில் முடியவில்லை, கோட்டில் முடிகிறது. வேலூர்க் கோட்டைக்குள் ஜலகண்டேஸ்வரர் கோயில் ராஜகோபுரத்தை அண்ணாந்து பாருங்கள், உச்சியில் கூர்முனை இருக்காது, வரிசையாகக் கலசங்கள் நிற்கும் நீளமான கூரைதான் இருக்கும். அதுபோல் கோட்டில் முடிகிற எதுவும் பிரமிடின் துண்டாக இருக்க முடியாது.

இதைக் கண்டுபிடிக்க ஒரு வகுத்தல் போதும். மேல் நீளத்தைக் கீழ் நீளத்தால் வகுங்கள், மேல் அகலத்தைக் கீழ் அகலத்தால் வகுங்கள். இரண்டும் சமமாக இருந்தால்தான் இடைக்கண்டம். இங்கே 20/17 ஏறத்தாழ 1.18, 6/3 = 2. சமம் இல்லை.

அப்போது என்ன செய்வது? நடு ஆழத்தில் ஒரு செவ்வகம் எடுங்கள்: 18.5 × 4.5 = 83.25. மேல் பரப்பு 120, கீழ் பரப்பு 51. மேலும் கீழும் ஒரு பங்கு, நடு நான்கு பங்கு, மொத்தத்தை ஆழத்தால் பெருக்கி 6-ஆல் வகுக்க வேண்டும்: (120 + 333 + 51) × 1.5 ÷ 6 = 126 கன மீட்டர். இடைக்கண்டச் சூத்திரத்தைப் போட்டிருந்தால், அதாவது நடுவில் 120 × 51-இன் வர்க்கமூலமான 78.2-ஐ எடுத்து (120 + 78.2 + 51) × 1.5 ÷ 3 என்று போட்டிருந்தால், 124.6 வந்திருக்கும். ஏறத்தாழ 1,400 லிட்டர் காணாமல் போயிருக்கும். மண்ணாகச் சொன்னால், 100 கன அடி ஒரு யூனிட் என்பதால், அரை யூனிட். ஜேசிபிக்காரரிடம் பேசும்போது இன்னொன்றையும் நினைவில் வையுங்கள்: தோண்டிய மண் உதிர்ந்து உப்பும், டிப்பரில் ஏறும் அளவு குழியின் அளவைவிடக் கூடுதலாகத்தான் இருக்கும்.

இந்த 'நடு நான்கு பங்கு' வழி உண்மையான இடைக்கண்டத்துக்கும் அப்படியே பொருந்தும். ஆகவே வெளியில் அளக்கும்போது சந்தேகம் வந்தால் இதையே போடுங்கள்.

படி 7: பாதி வாளி எங்கே?

தோட்டத்துக்கு மருந்து கலக்குகிறவர்களுக்கு இது உதவும். நம் வாளியில் பாதி உயரம், அதாவது 14 செ.மீ. வரை நீர் ஊற்றினால் அங்கே ஆரம் 12.5. கன அளவு 22/7 × 14 ÷ 3 × (156.25 + 125 + 100) = 5,591.67. முழு வாளியில் 40 சதவீதம்தான். பாதி என்று நம்பி மருந்தை ஊற்றினால் கரைசல் கடுமையாகிவிடும்.

சரியான பாதிக்குப் படி 3-இன் கூம்புக்கே திரும்புங்கள். கூம்பின் முனையிலிருந்து எடுத்த உயரத்தின் கனத்துக்கு (அதே எண்ணை மூன்று முறை எழுதிப் பெருக்கினால் வருவது) ஏற்பத்தான் கன அளவு கூடும். வாளியின் அடி 56-இல், வாய் 84-இல். 56-இன் கனம் 1,75,616. 84-இன் கனம் 5,92,704. இரண்டின் சராசரி 3,84,160, அதன் கனமூலம் ஏறத்தாழ 72.7. அதிலிருந்து 56-ஐக் கழித்தால் 16.7. வாளியின் உள்ளே, அடியிலிருந்து செங்குத்தாக 16.7 செ.மீ. உயரத்தில் மார்க்கரால் ஒரு கோடு போடுங்கள். ஒரு லிட்டர் பாட்டிலால் ஊற்றிச் சரிபாருங்கள், ஏழாவது பாட்டில் முடியும்போது தண்ணீர் அந்தக் கோட்டில் வந்து நிற்கும்.