மலை தாண்டிப் போகும் காவலர்: மனநல உதவியில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

தமிழ்நாடு-கேரள எல்லையில் உள்ள புளியரை சோதனைச் சாவடியில் இரவுப் பணி முடித்த காவலர் ஒருவர், சீருடையைப் பையில் மடித்து வைத்துக்கொண்டு, கோட்டைவாசல், ஆரியங்காவு வழியாகப் புனலூருக்குப் பேருந்தில் போனார். உடம்புக்கு ஒன்றுமில்லை. மாதக்கணக்கில் தூக்கம் இல்லை; காரணமில்லாமல் பிள்ளைகள் மேல் கை ஓங்கத் தொடங்கியிருந்தார். செங்கோட்டையிலோ தென்காசியிலோ மருத்துவரைப் பார்க்கலாம்தான். ஆனால் வெளியே பெஞ்சில் காத்திருக்கும் பத்துப் பேரில் இரண்டு பேராவது “என்ன ஏட்டையா, நீங்க இங்க?” என்று கேட்பார்கள் என்பதால் மலை தாண்டிப் போனார். அங்கே மருத்துவர் அக்கறையோடு “விஷமம் உண்டோ?” என்று கேட்டிருக்கிறார். மலையாளத்தில் அந்தச் சொல்லுக்கு மனவருத்தம் என்று பொருள். தமிழ்க் காதுக்கோ அது குறும்பு, சேட்டை. லாரியை ஓரம் கட்டச் சொல்லும் அளவுக்கு மட்டுமே மலையாளம் தெரிந்த நம் ஏட்டையா, “அதெல்லாம் ஒண்ணும் இல்ல சார்” என்று சொல்லிவிட்டுத் தூக்க மாத்திரைச் சீட்டோடு திரும்பிவிட்டார்.

செங்கோட்டைப் பகுதியில் உளவியல் ஆலோசகராக இருக்கும் என்னிடம் இதைச் சிரித்துக்கொண்டே சொன்னவர், மீதியைச் சொல்லப் பல மாதங்கள் எடுத்துக்கொண்டார். (அடையாளம் தெரியாதபடி இங்கே சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.) 1956 நவம்பர் 1 வரை செங்கோட்டை திருவிதாங்கூர்ப் பக்கம் இருந்த ஊர்; திருமணத்துக்கும் வைத்தியத்துக்கும் மலை தாண்டுவது இங்கே பழைய வழக்கம். ஆனால் இவர் தாண்டியது வழக்கத்தால் இல்லை, இந்தப் பக்கத்தில் பேசினால் அது தாளில் ஏறிவிடும் என்ற பயத்தால். காவலர்களின் மனநலத்துக்காக நல்ல எண்ணத்தோடு செய்யப்படும் முயற்சிகளில் பல, அந்தப் பயத்தைக் கணக்கில் எடுக்காததால்தான் வீணாகின்றன.

முதலாவதும் பெரியதுமான தவறு, உதவியையும் விசாரணையையும் ஒரே நாற்காலியில் உட்கார வைப்பது. காவல் உளவியலில் தொடக்கத்திலிருந்தே இரண்டு வேலைகள் உண்டு. 1916-இல் அமெரிக்காவின் சான் ஹோசே நகரில் உளவியலாளர் லூயிஸ் டெர்மன் காவல் பணிக்கு விண்ணப்பித்தவர்களுக்கு அறிவுத்திறன் சோதனை நடத்தினார். அது தேர்ந்தெடுக்கும் வேலை. 1968-இல் லாஸ் ஏஞ்சலிஸ் காவல்துறை மார்ட்டின் ரைசரை முழுநேர உளவியலாளராக அமர்த்திய பிறகு, பணியில் இருப்பவருக்குத் துணை நிற்கும் வேலையும் இத்துறைக்குள் ஊன்றியது. ஒருவர் துப்பாக்கி ஏந்தத் தகுதியானவரா என்று மதிப்பிட்டு அதிகாரிக்கு எழுதுவது ஒன்று. அவருடைய பாரத்தை இறக்கி வைக்க இடம் கொடுப்பது இன்னொன்று. இரண்டும் தேவைதான். இரண்டையும் ஒரே ஆள் ஒரே காவலருக்குச் செய்தால் இரண்டுமே கெட்டுப்போகும். “மேற்படி காவலரை உளவியல் ஆலோசனைக்கு உட்படுத்தி அறிக்கை சமர்ப்பிக்கவும்” என்ற குறிப்பாணையோடு அனுப்பப்படுபவர் என் எதிரே ‘அட்டென்ஷன்’ நிலையிலேயே உட்கார்கிறார். வருடக்கணக்கில் வாக்குமூலம் வாங்கியே பழகியவருக்கு, பேனாவோடு எதிரே இருப்பவர் எதற்காக எழுதுகிறார் என்று தெரிந்துகொள்ள இரண்டு நிமிடம் போதும். அதன் பிறகு “எல்லாம் நல்லா இருக்கு மேடம்” என்பதைத் தவிர வேறு பதில் வராது.

2017-ஆம் ஆண்டின் மனநலப் பாதுகாப்புச் சட்டம், 23-ஆம் பிரிவில், சிகிச்சை பெறுபவரின் விவரங்களை இரகசியமாகக் காக்கச் சொல்கிறது. உயிருக்கு ஆபத்து, பிறருக்குத் தீங்கு, நீதிமன்ற உத்தரவு போன்ற குறிப்பிட்ட சூழல்களுக்கே விதிவிலக்கு. இந்தச் சட்டம் காக்கிச் சட்டைக்கும் சேர்த்துத்தான் எழுதப்பட்டது. ஆய்வாளருக்குத் தெரிய வேண்டியது, காவலரின் சம்மதத்தோடு, மிகக் கொஞ்சம்: ஆள் வந்தார், மீண்டும் வர வேண்டும், சில வாரங்களுக்கு இன்ன பணி வேண்டாம். அவர் மனைவியோடு ஏன் பேசுவதில்லை என்பது ஆய்வாளருக்குத் தெரிய வேண்டியதில்லை. முதல் சந்திப்பிலேயே, கேட்கப்படுவதற்கு முன்பாகவே, எது வெளியே போகும், எது போகாது, எந்த நிலையில் நான் வாய் திறந்தே ஆக வேண்டும் என்பதைச் சொல்லிவிடுவது என் வழக்கம். பொத்தாம் பொதுவாக “யாருக்கும் சொல்ல மாட்டேன்” என்று வாக்குக் கொடுப்பதும் தவறுதான்; ஆபத்து வரும்போது அதை மீற வேண்டியிருக்கும், மீறிய பின் அந்த நிலையத்திலிருந்து இன்னொருவர் வர மாட்டார்.

இதோடு சேர்ந்தது கேள்வித்தாள் விவகாரம். மனச்சோர்வை அளக்கும் பி.எச்.க்யூ-9 என்ற படிவத்தில் ஒன்பது கேள்விகள். ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 3 வரை மதிப்பெண். நல்ல கருவி. ஆனால் ரோல் காலில் வரிசையாக நிற்க வைத்து, பெயரும் எண்ணும் எழுதச் சொல்லி, பக்கத்தில் இருப்பவர் எட்டிப் பார்க்கும்படி நிரப்ப வைத்தால், வருவது எல்லாம் பூஜ்யம்தான். அப்படி நிரப்பிய படிவக் கட்டு ஒன்றை ஒருமுறை என்னிடம் கொடுத்தார்கள். அதை நம்பினால், மாவட்டத்திலேயே கவலையற்ற மனிதர்கள் காக்கிக்குள்தான் இருக்கிறார்கள்.

ஒருநாள் முகாம்களைப் பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை. இரவுப் பாரா முடித்தவரைக் காலை பத்து மணிக்குத் திருமண மண்டபத்தில் உட்கார வைத்து மூச்சுப் பயிற்சி சொல்லிக்கொடுத்தால் அவர் தூங்குவார். அன்றைக்கு அவருக்குக் கிடைத்த நல்ல சிகிச்சையும் அதுவே. பெங்களூரு நிம்ஹான்ஸ் மனநல நிறுவனத்தோடு சேர்ந்து தமிழ்நாடு காவல்துறை நடத்திய நிறைவாழ்வுப் பயிற்சி போன்றவை, காவலரோடு குடும்பத்தையும் சேர்த்துக்கொண்டு நடந்தவை. புகைப்படத்துக்காக அரைநாள் நடத்தும் முகாமை அவற்றோடு ஒப்பிட முடியாது.

தூக்கத்தைப் பற்றி மட்டும் நிறுத்தி நிதானமாகச் சொல்ல வேண்டும். உடம்பின் சோர்வை மனத்தின் குறையாக எழுதிவிடுவது எங்களைப் போன்ற ஆலோசகர்கள் செய்யும் தவறு. காமன் காஸ் அமைப்பும் லோக்நீதியும் 2019-இல் வெளியிட்ட இந்தியக் காவல் நிலை அறிக்கையின்படி, காவலர்கள் நாளொன்றுக்குச் சராசரியாக 14 மணி நேரம் வேலை செய்கிறார்கள். தொடர்ந்து 17 மணி நேரம் விழித்திருப்பவரின் கவனமும் கைத்திறனும், இரத்தத்தில் 0.05 சதவீத மது இருப்பவரின் அளவுக்குக் குறைந்துவிடுகின்றன என்பது 1990-களின் பிற்பகுதியிலிருந்து ஆய்வுகள் காட்டிவரும் உண்மை. நம் நாட்டில் வண்டி ஓட்டுபவருக்கு அனுமதிக்கப்பட்ட வரம்பு 100 மில்லி இரத்தத்துக்கு 30 மில்லிகிராம், அதாவது 0.03 சதவீதம். குடித்துவிட்டு வண்டி ஓட்டுபவரை ஊதச் சொல்லி நிறுத்தும் காவலர், விடியற்காலை மூன்று மணிக்கு, தானே அந்த வரம்பைத் தாண்டியவரைப் போல நின்றுகொண்டிருக்கலாம். கார்த்திகை முதல் நாளில் தொடங்கி மகரவிளக்கு வரை ஐயப்பப் பக்தர்களின் வாகனங்கள் இரவெல்லாம் இந்தப் பாதையில் ஏறி இறங்கும் காலத்தில், அந்தச் சோர்வு வாரக்கணக்கில் சேர்ந்துகொண்டே போகிறது.

காவலர் முதல் தலைமைக் காவலர் வரை வார விடுப்புக்கான அரசாணை 2021-இல் வந்தது. பந்தோபஸ்து வந்தால் முதலில் காணாமல் போவது அந்த விடுப்புதான். ஆள் பற்றாக்குறையை ஆலோசகரால் தீர்க்க முடியாது; ஆனால் பணிப்பட்டியல் போடுபவரிடம் சில விஷயங்களைக் கேட்க முடியும். காலை, மதியம், இரவு என்று முன்னோக்கிச் சுழலும் முறை மாற்றத்தை உடம்பு எளிதாக ஏற்கும்; இரவிலிருந்து பின்னோக்கி இழுத்தால் திணறும். அடுத்த வாரப் பணி இன்றைக்கே தெரிந்தால் ஒருவர் தூக்கத்தைத் திட்டமிடலாம். இரவுப் பணிக்கு நடுவே இருபது நிமிடக் கண்ணயர்வை ஒழுங்கீனமாகப் பார்க்காமல், முறை வைத்து அனுமதிக்கலாம். இந்த மூன்றும் சரியான பிறகும் தூக்கம் வராதவருக்குத்தான் என் அறை.

புளியரைக்கு மேலே எஸ் வளைவில் நடக்கும் விபத்துகளுக்கு முதலில் ஓடுபவர்கள் சாவடிக் காவலர்களே. அப்படி ஒரு வேன் கவிழ்ந்த இரவுக்குப் பிறகு ஒருவர் என்னிடம் வந்தார். இரத்தத்தைப் பற்றி அவர் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. உடைந்த தூக்குவாளியிலிருந்து கொட்டிய புளியோதரையும் டீசலும் கலந்த வாசனையைத்தான் சொன்னார். அதன் பின் வீட்டில் புளிக்காய்ச்சல் கொதித்தால் எழுந்து தெருவுக்குப் போய்விடுவாராம். சாப்பாடு பிடிக்காமல்தான் போகிறார் என்று மனைவி நினைத்திருக்கிறார்.

இப்படிப்பட்ட இரவுக்கு மறுநாளே எல்லோரையும் வட்டமாக உட்கார வைத்து, கண்டதையெல்லாம் ஒருவர் விடாமல் சொல்லச் சொல்வது நன்மை தரும் என்று பலரும் நம்புகிறார்கள். ஜெஃப்ரி மிட்செல் 1983-இல் முன்வைத்த முறையிலிருந்து பரவிய எண்ணம் அது. ஆனால் பல ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்து 2002-இல் வந்த காக்ரேன் மதிப்பாய்வு, ஒரே அமர்வில் நடத்தும் இத்தகைய கட்டாயப் பகிர்வு பின்னாளைய மனவடுவைத் தடுப்பதாகச் சான்று இல்லை, சிலருக்குத் தீங்காகவும் முடியலாம் என்று காட்டியது. உலக சுகாதார நிறுவனம் 2011-இல் வெளியிட்ட உளவியல் முதலுதவிக் கையேடு சொல்வது எளிமையானது: பார், கேள், இணை. பத்திரமான இடத்தில் உட்கார வைத்து, டீ வாங்கிக் கொடுத்து, வீட்டுக்குத் தகவல் சொல்லி, பேச விரும்பினால் கேட்டு, விரும்பாவிட்டால் விட்டுவிட வேண்டும். முதல் சில வாரங்களின் கெட்ட கனவும் திடுக்கிடலும் பெரும்பாலோருக்குத் தாமே தணியும். ஒரு மாதம் கடந்தும் தணியாமல் வேலையையும் வீட்டையும் கெடுத்தால், அதற்கென்று முறையான சிகிச்சை இருக்கிறது. முதலில் சொன்ன, மலை தாண்டிப் போன ஏட்டையாவுக்கு அந்த ஒரு மாதத்தைத் தாண்டி ஒன்றரை வருடம் ஆகியிருந்தது.

இதற்கு எதிர்முனையில் இருப்பது, நியாயமான அச்சத்தை நோயாக்குவது. 2020 ஜனவரி 8 அன்று களியக்காவிளை சோதனைச் சாவடியில் பணியில் இருந்த சிறப்பு உதவி ஆய்வாளர் வில்சன் சுட்டுக் கொல்லப்பட்டார். எல்லைச் சாவடியில் தனியாக நிற்கும் எவருக்கும் அது நினைவுக்கு வரும். “தைரியமா இருய்யா” என்பதும், “பதற்றத்தைக் குறைக்கும் பயிற்சி செய்யுங்கள்” என்பதும் அவருக்கு ஒன்றுதான். முதலில் விளக்கு எரிய வேண்டும், இரண்டாவது ஆள் வேண்டும், வயர்லெஸ் வேலை செய்ய வேண்டும். அவற்றைக் கேட்காமல் மூச்சுப் பயிற்சி மட்டும் சொல்லிக்கொடுக்கும் ஆலோசகரைக் காவலர்கள் மதிப்பதில்லை, மதிக்கவும் வேண்டியதில்லை.

மதுப் பழக்கத்தை வெறும் ஒழுங்கீனமாகப் பார்ப்பது இன்னொரு தவறு. 3(பி) குற்றக் குறிப்பாணை (துறைரீதியான தண்டனை நடவடிக்கையின் தொடக்கம்) வரும் என்று பயந்து, தினமும் அதிகமாகக் குடிப்பவர் ஒரே நாளில் நிறுத்தினால், முதல் இரண்டு நாளுக்குள் வலிப்பும், அடுத்த சில நாள்களில் கைநடுக்கத்தோடு சித்தக் குழப்பமும் வரக்கூடும். அது உயிரையே பறிக்கும். நிறுத்துவது மருத்துவர் மேற்பார்வையில் நடக்க வேண்டும்.

தற்கொலை எண்ணம் குறித்துச் சுற்றி வளைத்துப் பேசுவதில் பயனில்லை. “செத்துப் போகலாம்னு தோணுதா?” என்று நேராகக் கேட்பது அந்த எண்ணத்தை விதைக்காது, கேட்கப்பட்டதில் பலருக்கு மூச்சு விட்டதுபோல் ஆகிறது. காவலருக்கு இதில் தனியொரு தடை உண்டு. தற்கொலை முயற்சியைக் குற்றமாக்கிய, பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 309-ஆம் பிரிவில் வழக்குப் பதிவு செய்தே பழகியவர் அவர். தன் எண்ணத்தையே குற்றமாகப் பார்க்கிறார். 2017 சட்டத்தின் 115-ஆம் பிரிவு, தற்கொலைக்கு முயன்றவர் கடும் மனஅழுத்தத்தில் இருந்ததாகவே கருதச் சொல்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவில் அந்த 309 இல்லை. இதை அவருக்கு எடுத்துச் சொல்ல வேண்டும். எந்த நேரமும் கட்டணமின்றிப் பேச 14416 என்ற டெலி-மானஸ் எண் இருக்கிறது. மலையடிவாரத்தில் நின்று அழைப்பவர் மொழித் தேர்வில் தமிழை அழுத்தினால் போதும், விஷமத்துக்கு விளக்கம் தேட வேண்டியிருக்காது.

ஆபத்து தெரிந்தவுடன் அவர் கையில் துப்பாக்கி இருக்கக் கூடாது. இதைச் செய்யாமல் விடுவது கொடுமையான தவறு. “இவருக்கு ஆயுதம் கொடுக்காதே” என்று எல்லோர் முன்னாலும் அறிவிப்பது அதற்கு அடுத்த தவறு. எனக்குத் தெரிந்த ஒரு பெண் உதவி ஆய்வாளர், அப்படியொரு தகவல் வந்த அன்று மாலை, நான்கு பேரின் பணியை ஒன்றாக மாற்றி எழுதினார். ஒருவர் பாராவிலிருந்து நீதிமன்றப் பணிக்கு, ஒருவர் சாவடியிலிருந்து நிலைய எழுத்தருக்கு உதவியாக, ஒருவர் சம்மன் கொடுக்க, ஒருவர் வரவேற்பு மேசைக்கு. நான்கு பேரும் முணுமுணுத்தார்கள். மாற்றம் யாருக்காக என்பது அவருக்கும் அந்த ஒருவருக்கும் மட்டுமே தெரியும்.