பவுல் வேகனரின் நாட்டுப்புறக் கதைப் படங்களை எப்படிப் பார்ப்பது?

ஜெர்மன் நடிகர் பவுல் வேகனர் (1874–1948) பிராக் நகரத்துப் பழங்கதைகளையும் மலைப்பூதக் கதைகளையும் பேசாப்பட காலத்திலேயே திரைக்குக் கொண்டுவந்தவர். இவர் படங்களை ஆண்டு வரிசையில் பார்க்க வேண்டாம். 1920இல் வந்த 'கோலெம்' படத்திலிருந்து தொடங்குங்கள். கோலெம் என்பது யூதப் பழங்கதையில் உயிர் பெறும் களிமண் மனிதன்.

கோலெமை வைத்து அவர் எடுத்த படங்கள் மூன்று. 1915 படத்தில் சில துண்டுகள்தான் மிச்சம். 1917 படம் தொலைந்தே போனது. ஆகவே '1915, முழுப்படம்' என்று யாராவது இணையத்தில் ஏற்றியிருந்தால் நம்பாதீர்கள். கூரைகள் கோணல்மாணலாகவும் சுவர்கள் களிமண்ணைப் பிசைந்து அப்பியது போலவும் இருந்தால், அது ஹான்ஸ் பொயல்சிக் அரங்கம் அமைத்த 1920 படம்.

அடுத்து வேகம். அக்காலப் படங்களைப் பெரும்பாலும் நொடிக்கு 16 முதல் 20 பிரேம் வரை ஓட்டினார்கள். பழைய பிரதிகளை 24இல் ஓட்டி ஏற்றிவிடுவதால் எல்லாரும் குடுகுடுவென்று ஓடுவார்கள். கோலெமை வைத்து இதைக் கணிக்காதீர்கள், அவன் நடையே மெதுவானது. தெருக்கூட்டத்தைப் பாருங்கள். அவர்கள் துள்ளினால் வேகத்தை 0.75 ஆக்குங்கள், 24 பிரேம் 18 ஆகிவிடும். புதுப்பித்த பிரதியில் கை வைக்க வேண்டாம், ஏற்கெனவே சரிசெய்திருப்பார்கள்.

கோலெமாக வரும் வேகனரின் நடிப்பில் கவனிக்க வேண்டியது கண்கள். மார்பில் நட்சத்திரத்தைப் பொருத்தியதும் உடம்பு விறைப்பாகவே இருக்க, கண் மட்டும் திறக்கும். கூடையோடு கடைக்குப் போகிறபோதும் அதே விறைப்பு. அரண்மனை விழாவில் பூவை வாங்கும் இடத்தில்தான் முகம் முதன்முறையாக இளகும். அந்தக் காட்சியை இரண்டு தடவை பாருங்கள்.

பிறகு 1913இன் 'பிராக் மாணவன்'. மாணவனாக நடிக்கும் வேகனருக்கு வயது 38 என்பதைப் பொறுத்துக்கொள்ளுங்கள். இதே கதை 1926லும் 1935லும் வேறு நடிகர்களோடு வந்திருக்கிறது, ஆண்டைப் பார்த்து எடுங்கள். முக்கால் மணி நேரம்கூட ஓடாத பிரதி என்றால் வெட்டுப்பட்டது. வேகனரும் கண்ணாடியிலிருந்து இறங்கிவந்த அவர் பிம்பமும் ஒரே சட்டத்தில் நிற்கும்போது நடுவில் தெரியாத கோடு ஒன்று உண்டு. ஒளிப்பதிவாளர் கீடோ சேபர் லென்ஸில் பாதியை மறைத்துப் படம்பிடித்து, பிலிமைப் பின்னுக்குச் சுற்றி, மறுபாதியைத் திறந்து மறுபடி எடுத்தார். கேமரா இம்மி அசைந்தாலும் கோடு தெரிந்துவிடும். இப்படிப் பாதி பாதியாக எடுத்ததால்தான் இருவரும் அந்த எல்லையைத் தாண்டுவதில்லை.

1918இன் 'ஹாமெலின் எலிபிடிப்பவன்' பற்றித் தெரிந்துகொள்ள ஒன்று: உயிருள்ள எலிகள் சொன்னபடி கேட்காததால், லோட்டே ரைனிகர் மர எலிகளைப் பிரேம் பிரேமாக நகர்த்தினார்.