உறக்கப் பனிக்கு முதலில் எடை கொடுங்கள்

மாய உலகக் கதை எழுதுகிறவர்களுக்கு ஒரு சின்னக் குறிப்பு. ஊரையே தூங்கவைக்கும் மூடுபனியைக் கொண்டுவரும்போது, அது எங்கும் ஒரே மாதிரி பரவி எல்லோரையும் ஒரே நொடியில் சாய்த்துவிடுவதாக எழுதாதீர்கள், அப்புறம் கதாபாத்திரங்களுக்குச் செய்ய ஒன்றுமே இருக்காது.

அந்தப் பனி காற்றைவிடக் கனமானது என்று மட்டும் வைத்துக்கொள்ளுங்கள், மீதி தானாக வரும். கேமரூன் நாட்டின் நியோஸ் ஏரியில் 1986 ஆகஸ்ட் 21 இரவு நிஜமாகவே இப்படி நடந்தது. ஏரியின் அடியில் கரைந்து கிடந்த கரியமில வாயு திடீரென்று பொங்கி வெளியேறி, காற்றைவிட ஏறக்குறைய ஒன்றரை மடங்கு கனம் என்பதால் தரையோடு தரையாகப் பள்ளத்தாக்குகளில் வழிந்து, சுமார் 1,700 பேரின் உயிரைக் குடித்தது. தப்பியவர்களில் சிலர் பல மணி நேரம் நினைவில்லாமல் கிடந்து எழுந்தவர்கள். படிக்கும்போதே நெஞ்சு கனக்கும், அதனால் மரியாதையோடு கையாளுங்கள்.

சரி, கதைக்கு வருவோம். பள்ளத்துக் குடிசை முதலில் தூங்கும், மேட்டு வீடு விழித்திருக்கும். தரையில் படுத்த நாய் நின்றுகொண்டிருக்கும் ஆளுக்கு முன்னால் சாயும், பரணில் ஏறிய பிள்ளை தப்பும். காற்றடித்தால் பனி கலையும், அசைவில்லாத இரவுதான் ஆபத்து. முக்கியமாக, பனி வருவதை ஊர்க்காரர்கள் எப்படிக் கண்டுகொள்கிறார்கள் என்று ஒரு வரியாவது எழுதுங்கள். கரியமில வாயுவில் தீ எரியாது, ஆகவே வாசலில் தரையோரம் வைத்த விளக்கு அணைந்தால் உடனே மேடேறு என்று ஒரு வழக்கம் இருக்கலாம்.