கனவெழுத்துக்குப் புள்ளி இல்லை: தொழில் தொடங்குவோருக்கு ஒரு வழிகாட்டி

உறங்குபவரின் கனவை ஓலையில் இறக்கி எழுதும் கனவெழுத்துக் கற்க வருபவர்கள் பெரும்பாலும் முதல் நாளிலேயே மந்திரத்தைக் கேட்கிறார்கள். மந்திரம் ஓர் இரவில் மனப்பாடமாகிவிடும். ஓலையும் கையும் பழகுவதற்குத்தான் ஆண்டுகள் ஆகும். ஆகவே ஓலையிலிருந்தே தொடங்குகிறேன்.

தாளிப்பனை ஓலை கிடைத்தால் அதுவே சிறந்தது. கிடைக்காவிட்டால் சாதாரணப் பனையோலை போதும். குருத்தும் முற்றலும் அல்லாத இடைப்பருவ ஓலையை நரம்பு நீக்கி நறுக்கி, வெந்நீரில் வேகவைத்து, நிழலில் உலர்த்தி, சங்கினாலோ வழவழப்பான கல்லினாலோ இருபுறமும் தேய்த்து மெருகேற்ற வேண்டும். பிறகு அந்த ஏட்டை, யாருடைய கனவை எழுதப் போகிறோமோ அவருடைய தலையணைக்கடியில் மூன்று இரவுகள் வைத்திருந்தால், அது அவருடைய உறக்கத்தை அறிந்துகொள்ளும். ஐப்பசி, கார்த்திகை மழைக்காலத்தில் மட்டும் கூடுதல் கவனம் தேவை. கடற்காற்றில் ஈரம் ஏறிய ஏடு, யார் யாருடைய கனவையெல்லாமோ உறிஞ்சும். திருவல்லிக்கேணியின் ஒண்டுக்குடித்தனங்களில் அடுத்த வீட்டுக் குழந்தையின் தேர்வுக் கனவு இந்த வீட்டுப் பாட்டியின் ஏட்டில் ஏறிவிடுவதை நான் பலமுறை கண்டிருக்கிறேன். அந்நாட்களில் ஏட்டை வசம்போடு சேர்த்துத் துணியில் சுற்றி வைப்பது நல்லது.

எழுத்தாணியில் குண்டெழுத்தாணி, வாரெழுத்தாணி, மடக்கெழுத்தாணி என வகைகள் உண்டு. தொடக்கத்தில் குண்டெழுத்தாணியே போதும். அதன் தலைப்பக்கக் கனம் கை நடுக்கத்தைத் தாங்கும். இடது கைப் பெருவிரல் நகத்தைச் சற்று வளரவிட்டு, அதில் சிறு பள்ளம் வெட்டி, எழுத்தாணியின் முனை அதில் படிந்து நிற்கும்படி பிடிக்க வேண்டும். எழுத்தாணி ஏறக்குறைய ஓரிடத்திலேயே நிற்க, ஏடுதான் இடது கையால் நகர்த்தப்படும். பழைய சுவடிகள் எப்படி எழுதப்பட்டன என்பதை நேரில் காண விரும்புபவர், 1943-இல் தொடங்கப்பட்டு இப்போது பெசன்ட் நகரில் இருக்கும் உ.வே.சா. நூலகத்துக்கு ஒருமுறை சென்று வரலாம். எழுத்துகள் ஏட்டின் நரம்போட்டத்தை மதித்து வளைவதைக் கவனித்தாலே பாதிக் கல்வி முடிந்துவிடும்.

உறங்குபவர் அருகில் மாலையிலிருந்தே உட்கார்ந்து களைத்துப்போக வேண்டாம். கண்கள் இமைக்குள் வேகமாக அசையும் கனவுறக்கத்தை 1953-இல் சிகாகோவில் அசெரின்ஸ்கி, கிளைட்மன் ஆகிய ஆய்வாளர்கள் இருவரும் விவரித்தார்கள்; அது ஏறத்தாழ 90 நிமிடங்களுக்கு ஒருமுறை வருகிறது என்பதும், விடியல் நெருங்க நெருங்க நீள்கிறது என்பதும் இன்று தெளிவாகத் தெரிந்தவை. நம் தொழிலின் மூத்தவர்கள் கடையாமத்துக்காகக் காத்திருந்ததன் பொருத்தம் இதனால் விளங்கும். அதிகாலை மூன்று மணிக்கு அமர்ந்து, பிள்ளையார் சுழி இட்டு, மந்திரத்தை உதடு அசையாமல் ஒருமுறை சொல்லி, இமைகளைக் கவனித்திருந்தால், ஏடு இளஞ்சூடாவதை விரல் உணரும். அப்போது எழுத்தாணியை அழுத்தாமல் பிடித்தால் போதும்; கனவு தானே எழுத்தாக இறங்கும்.

இறங்கும் எழுத்துக்குப் புள்ளி வைக்காதீர்கள். பழைய ஏடெழுதுவோர் புள்ளி குத்தினால் ஓலை கிழியும் என்று அதைத் தவிர்த்தார்கள். நமக்கோ ஓலையுடன் உறக்கமும் கிழிந்துவிடும். அன்று குறில் எகர ஒகரத்துக்கும் புள்ளிதான் அடையாளம்; அது இல்லாததால் எகர ஏகாரமும் ஒகர ஓகாரமும் ஒரே வடிவில் நிற்கும். நெடிலுக்குத் தனிக் கொம்பு 18-ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் செய்த சீர்திருத்தத்தால் வந்தது. கனவெழுத்து அதை ஏற்கவில்லை. எந்த ஒலி என்பதைக் கனவு கண்டவரே பின்னர் சொல்ல வேண்டும்.

அதேபோல் சொல்லையும் திருத்தக் கூடாது. தொழிலுக்கு வந்த புதிதில், காசிமேட்டில் மீன் விற்கும் ஒரு அம்மாவுக்காக எழுதச் சென்றேன். ‘கடலு வூட்டுக்குள்ள வந்து குந்திக்கிச்சு’ என்று இறங்கிய வரியை, அழகாக இருக்கட்டும் என்றெண்ணி, ‘அமர்ந்தது’ என்று முடித்துவிட்டேன். விடிந்து பார்த்தபோது ஏட்டில் ஒரு கீறலும் இல்லை. அவருடைய கடலை நான் அவரிடமிருந்து பறித்துவிட்டேன் என்ற வருத்தம் எனக்கு இன்றும் உண்டு.

பலன் கூறுவதும் நம் வேலையில் சேராது. சிலப்பதிகாரத்தின் வழக்குரை காதையில் பாண்டிய அரசி கோப்பெருந்தேவி, தன் கனவில் செங்கோலும் வெண்குடையும் விழுந்ததையும், இரவில் வானவில் தோன்றியதையும், பகலில் விண்மீன் விழுந்ததையும் கண்டபடியே தோழியிடம் அடுக்கிய பிறகுதான் மன்னனுக்குத் துன்பம் வரும் என்கிறாள். அந்த முதற்பகுதியோடு கனவெழுத்தரின் பணி முடிகிறது.

கீறிய எழுத்து, மை தடவும்வரை கண்ணுக்குச் சரியாகத் தெரியாது. விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்துத் தடவித் துடைத்தால்தான் கருமை கீறலில் தங்கும். மை ஏறாத கனவை, உரியவர் வேண்டாம் என்றால், ஏட்டை நீரில் விட்டுக் கலைத்துவிடலாம். மை ஏறிவிட்டால் முடியாது. எனவே அவர் விழித்து, முகம் கழுவி, காப்பியும் குடித்து முடித்த பிறகு, தெளிந்த மனத்தோடு சம்மதம் சொன்னாலன்றி மைக்கிண்ணத்தைத் தொடாதீர்கள். இந்த ஒன்றில் மட்டும் நான் யாருக்கும் சலுகை அளிப்பதில்லை.

அந்தக் காசிமேட்டு அம்மா, மறுவாரமே என்னை மீண்டும் அழைத்தார். அதே கடல் வந்தது. இம்முறை ‘குந்திக்கிச்சு’ என்றே எழுதினேன். அடுத்த வரியில், ‘அது கையில கொடி இருந்துச்சு’ என்று இறங்கியது. கொடி என்றால் படகில் கட்டுவது. அதையே கோடி என்று படித்தால், இறந்தவர்மேல் போர்த்தும் புதுத்துணி. அவருடைய கணவர் அன்று கடலுக்குள் இருந்தார். நான் எழுத்துகளை ஒவ்வொன்றாகச் சொல்லி, அந்த இடத்தில் மட்டும் வாயை மூடிக்கொண்டேன். அவர் ஏட்டைக் கையில் வாங்கி வெகுநேரம் தடவிப் பார்த்தார். பிறகு, “கொடிதான் தம்பி, செவப்புக் கொடி. மையைப் போடு” என்றார்.