10-க்கு 20 நிழல்வலைக் குடிலுக்குள் பாத்தி பிரிப்பது எப்படி?

வேலூர், காட்பாடி, ஆற்காடு பக்கம் வீட்டுத் தோட்டத்துக்கு முழு பாலித்தீன் குடில் வேண்டாம். மார்கழியில் நன்றாக இருக்கும். அக்னி நட்சத்திரத்தில் உள்ளே நிற்பதெல்லாம் வெந்துவிடும். இந்த ஊர் வெயிலுக்கு 50 சதவீத (அதாவது பாதி வெயிலை மறைக்கும்) பச்சை நிழல்வலை போதும். தக்காளி, மிளகாய்தான் முக்கியம் என்பவர்கள் 35 சதவீதம் எடுக்கலாம். ஜி.ஐ. பைப் நட்டு வலை கட்டுவது வெல்டிங் பட்டறைக்காரருக்குத் தெரிந்த வேலை, அதற்குள் போகவில்லை. தரையில், பின்கட்டில், உள்ளளவு 10 அடிக்கு 20 அடி குடில் என்று வைத்துக்கொள்வோம். மாடிக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. ஏன் என்பது கடைசியில்.

1. முதலில் திசை

20 அடி நீளம் வடக்கு தெற்காக ஓடட்டும். வாசல் தெற்கில். அப்போது கிழக்கே ஏறி மேற்கே இறங்கும் வெயில் எல்லா வரிசைக்கும் கிடைக்கும்.

பந்தல் கொடி எங்கே என்பதில்தான் பலரும் சறுக்குகிறார்கள். வேலூர் 13 டிகிரி வட அட்சத்தை ஒட்டி இருக்கிறது. ஏப்ரல் கடைசி வாரத்திலும் ஆகஸ்ட் மூன்றாவது வாரத்திலும் உச்சி வெயில் நேர் தலைக்கு மேல். அந்த இரண்டுக்கும் நடுவே சூரியன் கொஞ்சம் வடக்கே சாய்ந்திருக்கும், மற்ற மாதங்களில் தெற்கே. டிசம்பர் மதியம் 6 அடிப் பந்தலின் நிழல் வடக்கு நோக்கி நாலரை அடி விழும். பந்தலைத் தெற்கே போட்டால் அந்த நாலரை அடி பாத்தியும் இருட்டு. வடக்குக் கோடியில் போட்டால் நிழல் குடிலுக்கு வெளியே போய்விடும். ஜூன் மாதம் நிழல் தெற்கே திரும்பினாலும் ஓரடிதான், பாதகமில்லை.

இடம் கிழக்கு மேற்காகத்தான் நீளம் என்றாலும் விதி மாறாது: உயரமானது வடக்கில்.

2. காகிதத்தில் பிரிப்பது

கை எட்டும் தூரம்தான் பாத்தியின் அகலம். ஒரு பக்கம் மட்டும் நின்று வேலை செய்யும் பாத்தி 2 அடி, இரண்டு பக்கமும் நிற்கலாம் என்றால் 3 அடி. குந்தி உட்கார்ந்து களை எடுக்க நடை ஒன்றரை அடியாவது வேண்டும்.

குறுக்கே: 2 அடி பாத்தி, 1½ நடை, 3 அடி பாத்தி, 1½ நடை, 2 அடி பாத்தி. மொத்தம் 10.

நெடுக்கே: வாசலில் முழு அகலத்துக்கும் 2 அடி திறப்பு, 15 அடி நடுப்பாத்தி, அதைச் சுற்றிவர 1½ அடி நடை, வடக்குக் கோடியில் 1½ அடிப் பந்தல் பாத்தி. மொத்தம் 20.

ஆக ஓரத்தில் 'ப' வடிவில் ஒரே பாத்தி, நடுவில் தீவுபோல ஒன்று. நடுப்பாத்தியை வடக்குப் பாத்தியோடு சேர்த்துவிட்டால் இடம் மிச்சம்தானே என்று தோன்றும். சேர்க்காதீர்கள். முட்டுச்சந்தில் நீர்க்குழாயை இழுத்துத் திருப்பும்போது ஓரச்செடிதான் ஒடியும்.

3. கரையின் கனம்: கணக்கு கெடும் இடம்

மேலே போட்ட அளவில் பாத்தியைச் சுற்றிக் கட்டும் கரைக்கு இடமே ஒதுக்கவில்லை என்பதைக் கவனியுங்கள். காகிதத்தில் கோடுக்குக் கனம் கிடையாது, கல்லுக்கு உண்டு.

குடிலைக் குறுக்கே வெட்டிப் பார்த்தால் பாத்திக்கு இரண்டாக ஆறு கரை வரும். வலையை ஒட்டிய வெளிக்கரையையும் விடமுடியாது. ஈரமண் வலையைத் தள்ளிக் கிழிக்கும், ஜி.ஐ. பைப்பின் அடியும் துருப்பிடிக்கும். 4 அங்குல சாலிட் பிளாக் வைத்தால் 6 × 4 = 24 அங்குலம் கரைக்கே போய்விடும். மண்ணின் அகலம் 22, 34, 22 என்று வைத்தால் 78. மொத்தம் 120 அங்குலத்தில் மிஞ்சுவது 18. இரண்டு நடைக்குப் பங்கிட்டால் ஆளுக்கு 9 அங்குலம். ஒரு கால் வைக்கலாம், அடுத்த காலை எங்கே வைப்பது?

அதனால் நம் தேர்வு கடப்பா கல். ஒரு அங்குல கனம்; ஆறு கரைக்கும் சேர்த்து 6 அங்குலம்தான். 78 + 6 போக 36 மிஞ்சும், நடை ஒவ்வொன்றும் முழு 18. பிளாக்தான் வேண்டும் என்பவர்கள் குடில் போடும் முன்பே உள்ளகலத்தை பதினொன்றரை அடியாக்கிவிடுங்கள். பைப் நட்ட பிறகு இதற்கு வழியில்லை. பலகைக் கரை பேச்சே வேண்டாம், கரையான் விடாது. நாட்டுச் செங்கல் உப்புத்தண்ணீர் குடித்துப் பொரிந்து உதிரும்.

கல்லை 2 அடி நீளம், ஒன்றரை அடி உயரமாக வெட்டி வாங்குங்கள். கரை மொத்தம் 125 அடி, அதற்கு 63 கல். இறக்கும்போது உடைவதற்கும் சேர்த்து 66.

4. தரையில் குறிப்பது

மூலைக்கு மூலை நூல் கட்டி, 6-8-10 பார்த்து மூலைமட்டம் சரிசெய்யுங்கள்: ஒரு பக்கம் 6 அடி, அடுத்த பக்கம் 8 அடியில் குறி வைத்தால் குறுக்கே சரியாக 10 அடி வரவேண்டும். கோடு போட கோலமாவே போதும். கோட்டின் எந்தப் பக்கம் கல் நிற்கும் என்பதை அப்போதே முடிவு செய்துகொள்ளுங்கள். ஒரு அங்குலம் ஆறு இடத்தில் மாறினால் மறுபடி அரை அடி போச்சு.

கோலம் போட்டதும் இரண்டு நடையிலும் கையில் குடத்தோடு நடந்து பார்க்கலாம். இடித்தால் இப்போதே மாற்றுங்கள்.

5. கல் நிறுத்துவது

6 அங்குல ஆழம் பள்ளம். கல்லில் 6 அங்குலம் உள்ளே, ஓரடி வெளியே. ரசமட்டம் வைத்து மேல்விளிம்பை நேராக்குங்கள். தரை மட்டும் வாசல் பக்கம் 10 அடிக்கு ஓர் அங்குலம் சரியட்டும், இல்லாவிட்டால் ஐப்பசி மழையில் நடை குளமாகும்.

காய்ந்த மண்ணுக்குக் கல் அசையாது. நனைந்த மண் வெளியே தள்ளும், முதல் பெருமழையில் கல் சாயும். இரண்டு கல் சேரும் இடமெல்லாம் மண்ணுக்கு எதிர்ப்பக்கம் 10 எம்.எம். முறுக்குக்கம்பி 2 அடித் துண்டு ஒன்றை அடித்துவிடுங்கள். 14 அங்குலம் தரைக்குள், 10 வெளியே. கிட்டத்தட்ட 23 கிலோ கம்பி பிடிக்கும். முனை கல்லின் விளிம்புக்குக் கீழே நிற்பதால் காலைக் கிழிக்காது.

நடைக்கு சிமென்ட் பூசவேண்டாம். களை விரிப்பின் மேல் முக்கால் ஜல்லி 2 அங்குலம். 13 கன அடி போதும்.

6. மண்

கல்லுக்குள் இருக்கும் தரையை முதலில் அரை அடி கொத்திவிடுங்கள். மேலே 10 அங்குலம் நிரப்ப ஏறக்குறைய ஒரு யூனிட், அதாவது 100 கன அடிக் கலவை வேண்டும்:

செம்மண் 50 கன அடி
மக்கிய தொழுவுரம் 25 கன அடி
கழுவிய தேங்காய் நார்க்கழிவு 25 கன அடி (5 கிலோ கட்டி 10 முதல் 12, ஊறவைத்தது)
வேப்பம்புண்ணாக்கு 10 கிலோ

தொழுவுரம் உள்ளங்கையில் பிடித்தால் சூடு தெரியக்கூடாது, சாண வாடையும் இருக்கக்கூடாது. இருந்தால் வேர் வேகும், வேர்ப்புழுவும் கூடவே வரும். நார்க்கழிவைக் கழுவாமல் போட்டால் உப்பும் கறையும் சேர்ந்து நாற்று மஞ்சளாகும். முதல் மாதத்தில் மண் இரண்டு மூன்று அங்குலம் இறங்குவது இயல்பு, மேலே போட 20 முதல் 30 கன அடி தனியாக வைத்திருங்கள்.

7. தண்ணீர்

பாலாற்றங்கரையில் மண்ணைவிடத் தண்ணீரைத்தான் முதலில் பார்க்கவேண்டும். ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை வட்டாரத்தில் தோல் தொழிற்சாலைக் கழிவால் நிலத்தடி நீர் கெட்ட கதை 1996-ல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பு வரை போனது. போர் தண்ணீரையும் மண்ணையும் விரிஞ்சிபுரம் வேளாண்மை அறிவியல் நிலையத்தில் காட்டிக் கேளுங்கள். உப்பு அதிகம் என்றால் முதலில் அடிபடுவது பீன்ஸ். இலை ஓரம் கருகும். கத்தரியும் தக்காளியும் கொஞ்சம் தாங்கும்.

16 எம்.எம். இன்லைன் சொட்டுக் குழாய், ஓரடிக்கு ஒரு துளை, மணிக்கு 2 லிட்டர் ரகம். நடுப்பாத்திக்கு இரண்டு வரிசை, மற்றவற்றுக்கு ஒன்று. 73 அடி ஆகும். கடையில் 'பிரஷர் காம்பென்சேட்டிங்' ரகத்தை (அழுத்தம் ஏறி இறங்கினாலும் ஒரே அளவு நீர் விடுவது) உசத்தி என்று கொடுப்பார்கள், வாங்காதீர்கள். 10 அடி உயரத் தொட்டியின் அழுத்தத்துக்கு அது சரியாகத் திறக்காது. சாதா ரகம்தான் இங்கே சரி. அதிலும் சொன்ன 2 லிட்டருக்குப் பதில் ஒரு லிட்டர் சொச்சம்தான் வரும். எல்லாத் துளையும் சேர்ந்து மணிக்கு 80 லிட்டர் என்று கணக்கு வையுங்கள்.

மே மாதம் இந்தப் பாத்திகளுக்கு நாளைக்கு 50 லிட்டர் பிடிக்கும். காலை 20 நிமிடம், மாலை 20 நிமிடம் திறந்தால் கணக்கு சரி. வாயில் ஒரு ஸ்கிரீன் ஃபில்டர் கட்டாயம். குழாய்க் கடைமூடியை வாரம் ஒருமுறை கழற்றி விடுங்கள், வெள்ளையாகத் தூள் வரும். அது வராமல் நின்றால்தான் கவலை, உள்ளேயே படிகிறது என்று அர்த்தம்.

ஐப்பசி, கார்த்திகை அடைமழைக்குக் கூரைமேல் மட்டும் பாலித்தீன் போடலாம், பக்கங்கள் திறந்திருக்கட்டும். ஆனால் வருடம் முழுக்க அதை விடக்கூடாது. மழை உள்ளே இறங்கினால்தான் பாத்தியில் சேர்ந்த உப்பு கழுவிப் போகும்.

8. எது எங்கே

கிழக்குப் பாத்தி கீரைக்கு. காலை வெயில் நேராகக் கிடைக்கும், மதியத்துக்குமேல் நடுப்பாத்திச் செடிகள் நிழல் தரும். மேற்குப் பாத்திக்கு வெண்டை, கொத்தவரை. மாலை வெயிலைத் தாங்கி மற்றவைக்கும் மறைப்பாக நிற்கும். நடுவில் தக்காளி, மிளகாய்: இரண்டு வரிசை, செடிக்குச் செடி ஒன்றரை அடி, மொத்தம் 20 செடி.

இலவம்பாடி முள்ளுக் கத்தரி (2023-ல் புவிசார் குறியீடு பெற்றது) வைக்க ஆசைப்படுகிறவர்கள் மேற்குப் பாத்தியில், வலையோரமாக, இரண்டரை அடி இடைவெளியில் வையுங்கள். நடை திரும்பும் மூலையில் வைத்தால் போகவர புடவையையும் லுங்கியையும் பிடித்து இழுக்கும்.

வடக்கே பாகல், பீர்க்கு, புடல். வெள்ளை ஈக்குப் பயந்து பக்கங்களுக்கு 40 மெஷ் (அங்குலத்துக்கு 40 கண்) பூச்சி வலை கட்டினால் தேனீயும் வராது. பூ கொத்துக் கொத்தாய் வந்து பிஞ்சு பழுத்து உதிர்ந்தால் பெரும்பாலும் காரணம் இதுதான். ஆண் பூவைக் கிள்ளிப் பெண் பூவில் தடவவேண்டும். பாகலுக்குக் காலையில், பீர்க்குக்கும் புடலுக்கும் பூ விரியும் சாயங்காலத்தில். தக்காளிக்குச் செடியைக் கட்டிய கம்பியைக் காலையில் ஒரு தட்டு தட்டினால் போதும்.

தக்காளி, கத்தரி, மிளகாய் மூன்றும் ஒரே குடும்பம். ஒரே பாத்தியில் திரும்பத் திரும்ப வைத்தால் வேர்முடிச்சு நூற்புழு பெருகும், பிடுங்கினால் வேரில் மணிமணியாகத் தெரியும். பட்டத்துக்குப் பட்டம் இடம் மாற்றுங்கள், நடுவே ஒருமுறை செண்டுமல்லி. மே மாதம் எப்படியும் காலியாகக் கிடக்கும் பாத்தியை நனைத்து, கண்ணாடிபோல் தெளிவான பாலித்தீனால் இறுக்க மூடி, வலையையும் மேலிருந்து விலக்கி, நாலு முதல் ஆறு வாரம் விடுங்கள்; சூட்டில் நூற்புழு குறையும். வேலூர் வெயிலால் கிடைக்கும் ஒரே லாபம் இது. ஆடிப்பட்டத்துக்குப் பாத்தி தயார்.

பிறகு சேர்த்தது: மாடி

இதையே மாடியில் செய்யலாமா என்று கேட்கிறவர்கள் அதிகம். வேண்டாம். ஆள் நடமாடும் மாடிக்குப் பொறியாளர்கள் வைக்கும் சுமைக் கணக்கு சதுர மீட்டருக்கு 150 கிலோ, சதுர அடிக்கு 14 கிலோ. ஓரடி ஆழ நனைந்த செம்மண் சதுர அடிக்கு 45 கிலோவுக்கு மேல். நார்க்கழிவு கூட்டினாலும் 30-க்குக் கீழே இறங்காது. மாடியில் பீம் போகும் வழியில், சுவரோரமாக, வளர்ப்புப் பைகளை இடைவெளி விட்டு வைப்பதோடு நிறுத்துங்கள். திசைக் கணக்கும் நடை அகலமும் அங்கேயும் இதேதான்.

இன்னொன்று: கல் இடுக்கு வழியாக எலி மண்ணைப் பறிக்கிறது என்றால், பாத்தியின் அடியில் அரை அங்குலக் கண் உள்ள ஜி.ஐ. வலையை விரித்துவிட்டு மண் போடுங்கள். நிரப்பிய பிறகு கேட்டால் ஒரு யூனிட்டையும் அள்ளித்தான் ஆகவேண்டும்.